பிரதிவாதி இறந்துவிட்டால் வழக்கு என்ன ஆகும்? – ஒரு 90 நாள் கணக்கு

எபிசோடின் திருத்திய எழுத்து வடிவம். திரும்பத் திரும்பச் சொன்ன சில இடங்களைச் சுருக்கியிருக்கிறோம். பேச்சுநடையைப் பெரும்பாலும் அப்படியே விட்டிருக்கிறோம்.

போன எபிசோடில் எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு பற்றிப் பேசியிருந்தேன். அதைக் கேட்டுவிட்டு இரண்டு பேர் கேள்வி அனுப்பியிருந்தார்கள். ஒருவர் கேட்டது: "நான் கேஸ் போட்ட ஆளு செத்துப்போயிட்டார் சார். இனி என் பணம் அவ்வளவுதானா?" இன்னொருவர் கேட்டது: "அப்பா மேல ஒரு கேஸ் இருந்துச்சு. அப்பா தவறிட்டார். இனிமே நாங்க கோர்ட்டுக்குப் போக வேண்டியதில்லைதானே?"

கவனிச்சீங்கன்னா இரண்டும் ஒரே கேள்விதான். ஒருவர் பயத்தில் கேட்கிறார், இன்னொருவர் நிம்மதியில் கேட்கிறார். இரண்டு பேருக்கும் பதில் ஒன்றே. இல்லை, வழக்கு முடியவில்லை. ஆனால் அது தானாக உயிரோடு இருக்கும் என்றும் நினைத்துவிடக் கூடாது. பிரதிவாதி இறந்த நாளிலிருந்து ஒரு கடிகாரம் ஓட ஆரம்பித்திருக்கிறது. இன்றைக்கு முழுக்க அந்தக் கடிகாரத்தைப் பற்றித்தான் பேசப்போகிறேன்.

முதலில் ஏன் இந்தக் குழப்பம் வருகிறது? நம் ஊரில் 'கேஸ்' என்றாலே பலருக்கு மனதில் வருவது கிரிமினல் கேஸ். அதில் குற்றம் சாட்டப்பட்டவர் இறந்துபோனால் பொதுவாக அவரைப் பொறுத்தவரை வழக்கு முடிந்தது. இறந்தவரை ஜெயிலில் போட முடியாது. சிவில் வழக்கு அப்படி இல்லை. அங்கே சண்டை ஒரு நிலத்தைப் பற்றியோ, ஒரு கடனைப் பற்றியோ, ஒரு ஒப்பந்தத்தைப் பற்றியோ இருக்கும். ஆள் போனாலும் நிலம் அங்கேயேதான் கிடக்கிறது. கடன் வாங்கிக் கட்டின வீடு நின்றுகொண்டுதான் இருக்கிறது. அதை இப்போது யாரோ ஒருவர் அனுபவித்துக்கொண்டிருக்கிறார். அந்த யாரோ ஒருவரை வழக்குக்குள் கொண்டுவந்து நிறுத்தினால் வழக்கு தொடரும்.

1908-ஆம் வருஷத்து உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில், நாங்கள் சி.பி.சி. என்று சொல்வோம், இதற்கென்றே ஒரு பகுதி இருக்கிறது. 22-ஆவது கட்டளை. அதன் முதல் விதியே இதைத்தான் சொல்கிறது. வழக்குத் தொடரும் உரிமை மிஞ்சியிருந்தால், வாதியோ பிரதிவாதியோ இறப்பதால் மட்டும் வழக்கு அற்றுப்போகாது. நான்காவது விதி பிரதிவாதியின் மரணத்தைப் பற்றியது. இறந்தவரின் சட்டப் பிரதிநிதிகளைச் சேர்க்கச் சொல்லி மனுப் போட வேண்டும். கோர்ட் பாஷையில் "எல்.ஆர். சேர்க்கணும்" என்பார்கள். நீங்கள் கோர்ட் வராந்தாவில் பத்து நிமிஷம் நின்றால் போதும், யாராவது ஒரு குமாஸ்தா "எல்.ஆர். ஸ்டெப்ஸ் எடுத்தாச்சா?" என்று கேட்பது காதில் விழும்.

அந்த மனுவைப் போட எவ்வளவு நாள்? 1963 காலவரையறைச் சட்டத்தின் 120-ஆவது இனம் சொல்வது 90 நாள். எந்த நாளிலிருந்து? இதுதான் ஆளை விழுத்தும் இடம். நீங்கள் சாவுச் செய்தியைக் கேள்விப்பட்ட நாளிலிருந்து இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல் கோர்ட்டில் மெமோ போட்ட நாளிலிருந்தும் இல்லை. ஆள் இறந்த நாளிலிருந்து.

அந்த 90 நாளுக்குள் மனுப் போடவில்லை என்றால், இறந்த பிரதிவாதியைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகும். அபேட் ஆகிவிட்டது என்று நாங்கள் சொல்வோம். நீதிபதி உட்கார்ந்து உத்தரவு போட வேண்டியதே இல்லை, தானாகவே நடந்துவிடும். வெளியே வழக்கு ஓடிக்கொண்டிருக்கிற மாதிரியே தெரியும். வாய்தா மேல் வாய்தா விழும், வக்கீல் ஃபீஸும் போய்க்கொண்டிருக்கும். உள்ளே வழக்கு செத்துக் கிடக்கும்.

நான் இதைக் கற்றுக்கொண்ட கதையைச் சொல்கிறேன். அப்போது எனக்குத் தொழிலில் மூன்றாவது வருஷம். ஒரு சிறிய ஊரில் முன்சீப் கோர்ட். எங்கள் கட்சிக்காரர் ஒரு விவசாயி, அறுபது வயசு தாண்டியவர். அவருடைய காட்டுக்கு வண்டி போகிற பாதையைப் பக்கத்துக் காட்டுக்காரர் வேலி போட்டு அடைத்துவிட்டார். பக்கத்துக் காட்டுக்காரர் வேறு யாரும் இல்லை, சித்தப்பா மகன். இவருக்கு அண்ணன் முறை. பாதை உரிமையை விளம்பிக் கொடுக்கச் சொல்லி வழக்கு. பிரதிவாதி அவர் ஒருத்தர்தான். வேலி போட்ட நாளிலிருந்து நெல் மூட்டையை அரைக் கிலோமீட்டர் தலைச்சுமையாகத் தூக்கி வந்துகொண்டிருந்தார் எங்கள் ஆள். அறுப்பு மிஷினும் உள்ளே போக முடியாது.

வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது அந்த அண்ணன் இறந்துபோனார். எங்களுக்குத் தெரியாது. எதிர்த்தரப்பு வக்கீலும் எதுவும் சொல்லவில்லை. சுமார் ஒன்றரை வருஷம் கழித்து, சாட்சி விசாரணைக்கு வந்த சமயத்தில், எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து நின்று, "பிரதிவாதி இறந்துவிட்டார். வழக்கு எப்போதோ அற்றுப்போய்விட்டது" என்றார். நான் திரும்பி எங்கள் கட்சிக்காரரைப் பார்த்தேன். அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

வெளியே வந்து கேட்டேன். "ஐயா, உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாம எப்படி தம்பி? நான்தானே பாடை கட்டினேன்."

"அப்போ ஏன் எங்ககிட்ட சொல்லலை?"

அவர் சொன்ன பதில் இருபது வருஷம் கழித்தும் அப்படியே ஞாபகம் இருக்கிறது. "கேஸுதான் அவருகூட. அண்ணி தாலி அறுத்து உட்கார்ந்திருக்கிற வீட்டுக்கு நான் எப்படி தம்பி கோர்ட்டு நோட்டீஸ் அனுப்புவேன்? ஊரு என்ன பேசும்? வருஷத் திதி முடியட்டும், அப்புறம் சொல்லிக்கலாம்னு இருந்தேன்."

நம் வழக்கத்தில் இது மரியாதைதானே? பகையாளியாக இருந்தாலும் சாவு வீட்டில் கணக்குப் பேச மாட்டார்கள். வருஷம் திரும்புகிற வரை காத்திருப்பது பண்பு. ஆனால் சட்டத்தின் கடிகாரம் பதினாறாம் நாள் காரியத்துக்கும் நிற்காது, தலைத்திவசத்துக்கும் நிற்காது. 90 என்றால் 90.

இதற்கு மேல் நடந்தது முழுக்க என் தவறு. காலதாமதமாகிவிட்டால் என்ன செய்வது என்பதற்குச் சட்டத்தில் வழி இருக்கிறது, அதை இப்போது சொல்கிறேன். அந்த மனுவோடு ஒரு பிரமாணப் பத்திரம் போட வேண்டும், ஏன் தாமதம் என்று. ஆபீஸில் ஏற்கனவே ஒரு மாதிரி இருந்தது. "பிரதிவாதி இறந்த விவரம் எனக்குத் தெரியாது. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் தெரிவித்த பிறகே அறிந்துகொண்டேன்." எல்லாருக்கும் அதுதான் போடுவோம். தேதியை மாற்றி நானும் அதையே டைப் அடிக்கக் கொடுத்தேன். பெரியவர் படிக்காமலேயே கையெழுத்துப் போட்டார்.

எதிர்த்தரப்பு பதிலில் ஒரு போட்டோ வந்தது. கண்ணீர் அஞ்சலி போஸ்டர். ஊர்ச் சுவரில் ஒட்டுவார்களே, அது. இறந்தவர் படம், தோற்றம் மறைவு தேதி, கீழே "துயருறும்" என்று ஒரு பட்டியல். அதில் பங்காளிகள் வரிசையில் இரண்டாவது பெயர் எங்கள் கட்சிக்காரருடையது.

நீதிபதி அந்தப் படத்தை என்னிடம் நீட்டினார். "இந்தப் பெயர் உங்க கட்சிக்காரர்தானே?" என்று மட்டும் கேட்டார். மனு தள்ளுபடி.

உண்மையை எழுதியிருந்தால், அதாவது துக்க வீடு, பங்காளி உறவு, 90 நாள் கணக்கு எனக்குத் தெரியாது என்று அவர் வாயால் சொன்னதையே எழுதியிருந்தால், ஒருவேளை செலவுத்தொகை கட்டச் சொல்லி அனுமதித்திருப்பார். பொய் என்று ஆனபிறகு எதைச் சொல்லியும் எடுபடவில்லை. மேல்முறையீடு போனோம். அங்கே இந்த முறை உள்ளதை உள்ளபடி சொன்னோம். பாதை உரிமை மாதிரி ஒரு விஷயத்தை வக்கீல் ஆபீஸின் மாதிரிப் படிவத்துக்காக இழக்கக் கூடாது என்கிற அளவில் மனம் இளகி, செலவுத்தொகையோடு அனுமதி கிடைத்தது. அதற்குள் நான்கு வருஷம் போய்விட்டது. நான்கு அறுவடை தலைச்சுமை. அதற்குப் பிறகு எங்கள் பெரியவரும் இறந்துபோனார். துக்கம் விசாரிக்கப் போன அன்றைக்கே அவர் மகனைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னேன், "தம்பி, 90 நாள்." அந்த இடத்தில் அதைச் சொல்ல எனக்குக் கூச்சமாகத்தான் இருந்தது. வாதி இறந்தாலும் அதே கணக்குதான்.

சரி, அந்த 'வழி' என்ன? ஒரு தேதியை வைத்துச் சொன்னால் புரியும். பிரதிவாதி 2023 ஜனவரி 10-ஆம் தேதி இறந்தார் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஏப்ரல் 10 வரை 90 நாள். அதுவரை ஒரே ஒரு மனு போதும், வாரிசுகளைச் சேர்க்கும் மனு. ஏப்ரல் 10 தாண்டிவிட்டால் வழக்கு அற்றுப்போகிறது. ஆனால் அதை நீக்கச் சொல்லிக் கேட்க 121-ஆவது இனத்தில் இன்னும் 60 நாள் இருக்கிறது. அதாவது ஜூன் 9 வரை. இந்த இடைவெளியில் இரண்டு மனு வேண்டும். அற்றுப்போனதை நீக்க ஒன்று, வாரிசுகளைச் சேர்க்க ஒன்று. ஜூன் 9-ம் தாண்டிவிட்டால் மூன்று மனு. மூன்றாவது, காலவரையறைச் சட்டம் 5-ஆவது பிரிவில் தாமதத்தை மன்னிக்கச் சொல்லும் மனு. எங்கள் பெரியவருக்குப் போட்டது இந்த மூன்றையும். நீக்கவே முடியாமல் போய்விட்டால், அதே காரணத்தை வைத்துப் புது வழக்கும் போட முடியாது. 9-ஆவது விதி அந்தக் கதவையும் அடைத்துவிடுகிறது.

இங்கே ஒரு சின்ன விஷயம். கொரோனா காலத்தில் உச்ச நீதிமன்றம் 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான காலத்தைக் காலவரையறைக் கணக்கிலிருந்தே விலக்கி வைத்தது. அந்த இரண்டு வருஷத்தில் எத்தனை வாதிகள், எத்தனை பிரதிவாதிகள் போய்ச் சேர்ந்தார்கள் என்று நம் எல்லோருக்கும் தெரியும். பழைய வழக்குக் கட்டைப் புரட்டும்போது 2021-இல் ஒரு மரணம் தென்பட்டால், கணக்கை அந்த உத்தரவோடு சேர்த்துப் போடுங்கள்.

உண்மையிலேயே தெரியாமல் போனால்? அதற்கும் சட்டத்தில் இடம் இருக்கிறது. 1976-இல் செய்த திருத்தத்தில் இரண்டு நல்ல விஷயங்கள் வந்தன. ஒன்று, மரணம் தெரியாமல் இருந்தது என்று வாதி காட்டினால், தாமதத்தை மன்னிக்கும்போது கோர்ட் அதைக் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும். இரண்டு, தன் கட்சிக்காரர் இறந்தது தெரியவந்தால் அவருடைய வக்கீல் கோர்ட்டுக்குத் தெரிவிக்க வேண்டும், அது அவருடைய கடமை, விதி 10-ஏ. என் கதையில் எதிர்த்தரப்பு வக்கீல் ஒன்றரை வருஷம் பேசாமல் இருந்தார் இல்லையா, அவருக்கு முன்பே தெரிந்திருந்தால் அது சரி இல்லை. ஆனால் அவர் சொல்லாததால் உங்கள் 90 நாள் நீண்டுவிடாது. தாமதத்தை விளக்க ஒரு காரணமாக வேண்டுமானால் உதவும்.

2008-இல் பெருமண் பகவதி தேவஸ்வம் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பற்றி நடைமுறை தெரிந்து பேசியிருக்கிறது. கீழ்க்கோர்ட்டில் அடிக்கடி வாய்தா இருக்கும், எதிராளி உயிரோடு இருக்கிறாரா இல்லையா என்பது தெரிய வாய்ப்பு அதிகம். உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு வருஷக்கணக்காக விசாரணைக்கே வராமல் கிடக்கும். அங்கே மேல்முறையீட்டுக்காரர் தினமும் போய் எதிராளி நலமா என்று விசாரித்துக்கொண்டிருக்க முடியுமா? அதனால் அங்கே கொஞ்சம் தாராளமாகப் பார்க்கலாம் என்ற போக்கில் சொன்னார்கள். நியாயமான பார்வை என்று நினைக்கிறேன். ஆனால் அடுத்த தெருவில் இருக்கிறவர், உறவுக்காரர் என்றால் இந்தத் தீர்ப்பைத் தூக்கிக்கொண்டு போகாதீர்கள். போஸ்டர் வரும்.

அடுத்து, யாரைச் சேர்ப்பது? "அவருக்கு ரெண்டு பசங்க சார்" என்று கட்சிக்காரர் சொல்வார். மகள்? "அது கட்டிக்கொடுத்தாச்சு." கட்டிக்கொடுத்தாலும் மகள் வாரிசுதான். இறந்தவர் இந்து ஆண் என்றால், உயில் இல்லாதபோது மனைவி, மகன்கள், மகள்கள், இவர்களோடு அம்மாவும் முதல் வகுப்பு வாரிசு. அந்த அம்மாவைத்தான் நிறைய வழக்குகளில் மறந்துவிடுகிறோம். எண்பது வயசில் ஒரு மூலையில் உட்கார்ந்திருப்பார், அவரை யாரும் கணக்கிலேயே வைக்க மாட்டார்கள். அப்பா முதல் வகுப்பில் வர மாட்டார். கிறிஸ்தவர், முஸ்லிம் குடும்பங்களில் வாரிசுக் கணக்கு வேறு மாதிரி, அதைத் தனியாகப் பார்த்துக்கொள்ளுங்கள். மைனர் பிள்ளை இருந்தால் அவர் சார்பில் ஒரு காப்பாளரை நியமிக்க வேண்டும், இல்லாவிட்டால் பின்னால் பிரச்சினை.

எதிராளி குடும்பத்தின் வாரிசுச் சான்றிதழுக்குத் தாசில்தார் ஆபீஸில் நீங்கள் போய் நிற்க முடியாது, அவர்கள்தான் வாங்க வேண்டும். அதனால் உங்களால் முடிந்தவரை நேர்மையாக விசாரித்து, தெரிந்த வாரிசுகளைச் சேர்த்துவிடுங்கள். அப்படிச் சேர்த்தபிறகு ஒருத்தர் விட்டுப்போனது தெரிந்தால், அதனால் மட்டும் வழக்கு அற்றுப்போகாது. சேர்ந்தவர்கள் இறந்தவரின் சொத்தைப் பிரதிநிதித்துவம் செய்கிறார்கள் என்று அறுபதுகளிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தெரிந்தே விட்டால் கதை வேறு. இவர் வாரிசா இல்லையா என்பதிலேயே சண்டை வந்தால், ஐந்தாவது விதியில் கோர்ட் விசாரித்து முடிவு செய்யும். சட்டப் பிரதிநிதி என்றால் ரத்த உறவு மட்டும் இல்லை. இறந்தவர் சொத்தில் கைவைத்து அனுபவிக்கிற வெளியாளும் அதில் அடங்குவார். வாரிசே இல்லாதவர் என்றாலும் வழி இருக்கிறது. 4-ஏ விதியில் கோர்ட்டே ஒருவரை நியமிக்கலாம்.

பிரதிவாதி ஒன்றுக்கு மேல் இருந்து, அதில் ஒருவர் இறந்தால்? சில சமயம் மற்றவர்கள் மேல் வழக்கு தொடரும். சில சமயம் மொத்தமும் சரிந்துவிடும். இதற்கு எல்லாரும் எடுத்துக்காட்டுவது அறுபதுகளின் தொடக்கத்தில் வந்த ஒரு பஞ்சாப் வழக்கு. இரண்டு சகோதரர்களுக்குக் கூட்டாகச் சொந்தமான நிலத்தை ராணுவத் தேவைக்காக அரசாங்கம் எடுத்துக்கொண்டது. இழப்பீடு அதிகம் என்று அரசு மேல்முறையீடு போனது. நடுவில் ஒரு சகோதரர் இறந்தார். அரசு வாரிசுகளைச் சேர்க்கத் தவறிவிட்டது. இறந்தவருக்குக் கொடுத்த இழப்பீடு உறுதியாகிவிட்டது. இப்போது உயிரோடு இருக்கிறவருக்கு மட்டும் குறைத்தால், ஒரே கூட்டு நிலத்துக்கு இரண்டு விலை ஆகிவிடும். அதனால் மேல்முறையீடு முழுவதுமே நிற்காது என்றது உச்ச நீதிமன்றம். ஒன்றுக்கொன்று முரணான இரண்டு தீர்ப்பாணைகள் வருமா? இந்தக் கேள்வியைக் கேட்டுப் பாருங்கள். வரும் என்றால் ஆபத்து. பாருங்க, அரசாங்கத்துக்கே இந்தக் கடிகாரம் நிற்கவில்லை.

எக்ஸ்பார்ட்டி ஆன பிரதிவாதி, அதாவது எதிருரை போடாதவர் அல்லது போட்டுவிட்டு வராமலே போனவர் இறந்தால், வாரிசுகளைச் சேர்ப்பதிலிருந்து விலக்கு கேட்கலாம். நான்காவது விதியிலேயே அதற்கு இடம் இருக்கிறது. ஆனால் அந்த விலக்கைத் தீர்ப்பு சொல்வதற்கு முன்பே வாங்கியிருக்க வேண்டும் என்று நம் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2009-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தீர்ப்பு வாங்கிவிட்டுப் பிறகு கேட்டால் நடக்காது. வாதங்கள் எல்லாம் முடிந்து, தீர்ப்புக்காக ஒத்திவைத்த பிறகு இறந்தால் மட்டும் கவலை இல்லை. 6-ஆவது விதிப்படி தீர்ப்பு சொல்லலாம், அது செல்லும்.

வழக்குப் போடும்போதே ஆள் இறந்திருந்தால்? இது அடிக்கடி நடக்கிறது, முக்கியமாகப் பழைய பட்டா, பத்திரத்தில் இருக்கிற பெயரைப் பார்த்துப் பிராது எழுதும்போது. இதற்கு 22-ஆவது கட்டளை உதவாது. அது வழக்கு நடக்கும்போது இறப்பவர்களுக்கு மட்டும்தான். ஆனால் பல பிரதிவாதிகளில் ஒருவர் முன்பே இறந்திருந்த ஒரு குஜராத் வழக்கில், தவறு நேர்மையாக நடந்தது என்பதால் வேறொரு விதியில், முதல் கட்டளையின் 10-ஆவது விதியில், வாரிசுகளைச் சேர்க்க 2017-இல் உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. ஆக, மனுவின் தலைப்பில் எந்த விதியைப் போடுகிறீர்கள் என்பதைப் பார்த்துப் போடுங்கள்.

ஆளோடு போய்விடுகிற வழக்குகளும் உண்டு. அவதூறு வழக்கு அதில் ஒன்று. ஒருவர் உங்களைப் பற்றித் தப்பாகப் பேசினார், நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டீர்கள், தீர்ப்புக்கு முன் அவர் இறந்துவிட்டார். வழக்கு அவரோடு போய்விட்டது. 1925 இந்திய வாரிசுரிமைச் சட்டம் 306-ஆவது பிரிவு அவதூறு, தாக்குதல், மரணம் விளைவிக்காத உடல் காயம் போன்றவற்றை இப்படித் தனியாக வைக்கிறது. ஆனால் தீர்ப்பில் தொகை கிடைத்தபிறகு நிலைமை மாறிவிடும். அப்போது அது வெறும் கோபதாபம் இல்லை, தீர்ப்பாணைக் கடன். வாகன விபத்துக்கு இதில் விதிவிலக்கு. வண்டிக்கு இன்ஷூரன்ஸ் எடுத்தவர் விபத்துக்குப் பிறகு இறந்தாலும், அவர் சொத்தின் மேலும் இன்ஷூரன்ஸ் கம்பெனி மேலும் உள்ள கோரிக்கை நிற்கும். மோட்டார் வாகனச் சட்டம் 155-ஆவது பிரிவு அதைத் தெளிவாகச் சொல்கிறது. விவாகரத்து மனுவும் நடுவில் ஒருவர் இறந்தால் முடிந்துவிடும், மரணமே அந்தத் திருமணத்தை முடித்துவிட்டதே. ஆனால் கணவர் எக்ஸ்பார்ட்டியாக விவாகரத்து வாங்கிவிட்டு இறந்துபோனால், மனைவி அதை ரத்து செய்யச் சொல்லி அவருடைய வாரிசுகளுக்கு எதிராக மனுப் போடலாம். அவர் விதவையா, விவாகரத்தானவரா என்பதில்தானே சொத்தில் பங்கும் பென்ஷனும் தொங்குகிறது.

இப்போது இரண்டாவது நேயருக்கு வருகிறேன். அப்பாவை இழந்தவர். உங்களுக்கு முதலில் சொல்ல வேண்டியது, அப்பா கடனுக்கு உங்கள் சம்பளத்தைப் பிடிப்பார்கள் என்று பயப்படாதீர்கள். சி.பி.சி. 50-ஆவது பிரிவு தெளிவாக இருக்கிறது. இறந்தவரிடமிருந்து உங்கள் கைக்கு என்ன சொத்து வந்ததோ, அதில் முறையாகச் செலவழித்தது போக மீதி எவ்வளவோ, அந்த அளவுக்குத்தான் நீங்கள் பொறுப்பு. தீர்ப்பு 6 லட்சம், அப்பா விட்டுச்சென்றது 4 லட்சம் மதிப்புள்ள மனை என்றால் அந்த 4 லட்சம் வரை. எதுவுமே வரவில்லை என்றால் உங்கள் கையிலிருந்து ஒரு ரூபாயும் இல்லை. ஆனால் அந்த மனையை அவசரமாக விற்று நீங்கள் கார் வாங்கிவிட்டால் அந்த அளவுக்கு உங்கள் சொந்தச் சொத்தின் மேலேயே வரலாம். அப்பாவின் ஆஸ்பத்திரி பாக்கி, ஈமச் செலவு, வேறு கடன் அடைத்தது, இவற்றுக்கெல்லாம் ரசீது வைத்திருங்கள். கணக்குக் காட்ட வேண்டியது உங்கள் பொறுப்பு.

இரண்டாவது, அமீனா நோட்டீஸ் கொண்டுவந்தால் வாங்குங்கள். "அப்பா பேர்ல உள்ளது, எங்களுக்குச் சம்பந்தமில்லை" என்று திருப்பி அனுப்பினால் எக்ஸ்பார்ட்டி ஆகிவிடுவீர்கள். போன எபிசோடில் பேசினது முழுக்க உங்களுக்குப் பொருந்தும். வந்து அப்பா போட்ட எதிருரையைப் பாருங்கள். நீங்கள் அவர் இடத்தில்தான் நிற்கிறீர்கள், அவருடைய வாதத்தைத்தான் தொடர முடியும். அப்பா "நான் வாடகைக்கு இருக்கேன், பாக்கி இல்லை" என்று சொல்லியிருந்தால், நீங்கள் வந்து "இது எங்க பாட்டி எனக்கு எழுதிவெச்ச வீடு" என்று சட்டப் பிரதிநிதியாக நின்று சொல்ல முடியாது. உண்மையிலேயே உங்களுக்குத் தனி உரிமை இருந்தால், அந்தத் தனி உரிமையிலும் என்னைக் கட்சியாகச் சேருங்கள் என்று தனியாகக் கேட்க வேண்டும். இதைப் பலர் தாமதமாகத்தான் கண்டுபிடிக்கிறார்கள்.

இன்னொன்று. வாதிதான் வாரிசுகளைச் சேர்க்க வேண்டும் என்று இல்லை. நீங்களே மனுப் போட்டு உள்ளே வரலாம். "90 நாள் கம்முனு இருந்தா கேஸ் தானா போயிடும்" என்று யாராவது யோசனை சொல்லியிருப்பார்கள். போகலாம், போகாமலும் இருக்கலாம். மூன்று வருஷம் கழித்துத் தாமதத்தை மன்னித்துக் கோர்ட் வழக்கை எழுப்பிவிட்டால், அப்போது சாட்சி சொல்ல அப்பாவின் நண்பர்களும் இருக்க மாட்டார்கள். எந்தப் பெட்டியில் ரசீது என்றும் தெரியாது.

முதல் நேயர் கடிதத்தில் ஒரு வரி விட்டுவிட்டேன். அவருக்குத் தீர்ப்பே வந்துவிட்டதாம், பணம் வசூல் பண்ண நிறைவேற்று மனு போட்டிருக்கிறார். அந்தக் கட்டத்தில்தான் எதிராளி இறந்திருக்கிறார். ஐயா, உங்களுக்கு நல்ல செய்தி. இந்த 90 நாள் கணக்கு நிறைவேற்று மனுவுக்கு இல்லை, 12-ஆவது விதி அதை விலக்கி வைத்திருக்கிறது. உங்கள் மனு அற்றுப்போகாது. வாரிசுகள் கையில் வந்த சொத்தின் மேல் 50-ஆவது பிரிவில் தொடரலாம். பொதுவாகத் தீர்ப்பாணையை நிறைவேற்ற 12 வருஷம் இருக்கிறது. ஆனாலும் அவர்கள் அந்த மனையை விற்பதற்குள் போய்விடுங்கள்.

நிறைவேற்று மனுவில் சொத்தை ஜப்தி செய்வது எப்படி, எதை ஜப்தி செய்ய முடியாது என்பதை அடுத்த எபிசோடில் எடுத்துக்கொள்கிறேன். கேள்வி அனுப்பும்போது இறந்த தேதி, வழக்கு இப்போது எந்தக் கட்டத்தில் இருக்கிறது, இந்த இரண்டையும் கட்டாயம் எழுதுங்கள். பெயர், ஊர் எதுவும் வேண்டாம்.